ஆர்டரைக் கையில் வாங்கிவிட்டு வகுப்புக்குப் போங்க: கொங்கு நாட்டுக் கல்லூரிகளில் புதிதாகச் சேரும் ஆசிரியர்களுக்கு

"நாளைக்கே கிளாசுக்குப் போயிருங்க சார். ஆர்டரெல்லாம் ஒரு வாரத்துல வந்துருமுங்க."

ஈரோட்டுப் பக்கம் ஒரு சுயநிதிக் கல்லூரியின் மேலாளர் என்னிடம் இப்படிச் சொன்னபோது எனக்கு வயது இருபத்தேழு. நெட் எனும் தேசியத் தகுதித் தேர்வில் தேறியிருந்தேன். வேலை கிடைத்த சந்தோஷத்தில் வேறெதுவும் தோன்றவில்லை. அந்த ஒரு வாரம் பதினான்கு மாதம் ஆனது. கடைசியில் ஆர்டர் வந்தபோது, நான் சேர்ந்ததாக அதில் போட்டிருந்த தேதியும் பதினான்கு மாதம் தள்ளியே இருந்தது. கேட்டதற்கு, "சம்பளந்தான் வாங்கீட்டீங்கல்ல, அப்புறமென்னுங்க" என்றார்கள். சம்பளம் கவரில் ரொக்கமாக வந்தது. வங்கிக் கணக்கில் ஒரு வரி கிடையாது. பின்னாளில் அரசு உதவிபெறும் கல்லூரி ஒன்றுக்கு விண்ணப்பித்தபோது, அந்தப் பதினான்கு மாதமும் நான் பாடம் நடத்தினேன் என்று காட்ட ஒரு துண்டுக் காகிதம் இல்லை. நேர்காணலுக்கு அழைக்கும் பட்டியலில் ஓரிரு மதிப்பெண்ணில் என் பெயர் விடுபட்டது.

பிறகு வேறொரு கல்லூரியில் நிலையான இடம் கிடைத்தது. அங்கிருந்தபடியே ஆசிரியர் சங்கத்துக்காக மனு எழுதிக் கொடுப்பதைப் பல ஆண்டுகளாகச் செய்து வருகிறேன். நான் வழக்கறிஞர் அல்ல. வழக்குக்குப் போகிறவர்களின் காகிதங்களைத் தேதிவாரியாக அடுக்கிக் கொடுப்பவன். அடுக்கும்போதே தெரிந்துவிடும், இந்த வழக்கு நிற்குமா நிற்காதா என்று. சேர்ந்த முதல் இரண்டு மூன்று மாதங்களில் என்னென்ன காகிதம் கையில் வாங்கினார்கள் என்பதுதான் பெரும்பாலும் முடிவைச் சொல்கிறது. அதனால் நீதிமன்றத்திலிருந்து தொடங்காமல் கல்லூரி வாசலிலிருந்து தொடங்குகிறேன்.

எந்த வாசல் வழியாக உள்ளே போகிறீர்கள்

கோவையிலும் ஈரோட்டிலும் ஒரே வளாகத்துக்குள் இரண்டு கல்லூரி இருப்பது போன்ற நிலை சாதாரணம். எய்டட் எனப்படும் அரசு உதவிபெறும் பிரிவு ஆசிரியரும் எஸ்எஃப் எனப்படும் சுயநிதிப் பிரிவு ஆசிரியரும் ஒரே மரத்தடியில் டீ குடிப்பார்கள். ஆனால் சட்டத்தின் பார்வையில் இருவரும் வேறு வேறு இடத்தில் நிற்கிறார்கள். எனவே முதல் வேலை, நீங்கள் சேரும் பணியிடம் எந்த வகை என்று தெரிந்துகொள்வது.

அரசுக் கலைக் கல்லூரி என்றால் நிரந்தர இடம் ஆசிரியர் தேர்வு வாரியம் வழியாகத்தான். டிஆர்பி என்கிறோமே, அதுதான். இடையில் நிரப்பப்படும் கௌரவ விரிவுரையாளர் பணி வேறு. அரசு உதவிபெறும் கல்லூரியில் நிர்வாகம் நியமிக்கும், சம்பளத்தை அரசு தரும். நடுவில் கல்லூரிக் கல்வி மண்டல இணை இயக்குநர் அலுவலகத்தின் ஒப்புதல் வேண்டும். அந்த அப்ரூவல் வராமல் வருடக்கணக்கில் சம்பளமின்றி வகுப்பு எடுத்தவர்களின் மனுக்களை நானே எழுதியிருக்கிறேன். சுயநிதிப் பிரிவில் சம்பளம் நிர்வாகத்தின் கையில். பல்கலைக்கழகம் உங்கள் தகுதியைச் சரிபார்த்துத் தரும் குவாலிபிகேஷன் அப்ரூவல்தான் அங்கே உங்களுக்கு இருக்கும் வெளிச் சான்று. பல்கலைக்கழகத் துறை என்றால் நியமனம் ஆட்சிக் குழு வரை போகும். பொறியியல் கல்லூரிக்கு ஏஐசிடிஇ எனும் அகில இந்தியத் தொழில்நுட்பக் கல்விக் குழுவின் விதியும் அண்ணா பல்கலைக்கழகமும்.

எந்தப் பல்கலைக்கழகம் என்பதையும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள். கோவை, திருப்பூர், ஈரோடு, நீலகிரி மாவட்டக் கலை அறிவியல் கல்லூரிகள் 1982-ல் தொடங்கிய பாரதியார் பல்கலைக்கழகத்தின் கீழ் வருகின்றன. சேலம், நாமக்கல், தர்மபுரி, கிருஷ்ணகிரி ஆகியவை 1997-ல் வந்த பெரியார் பல்கலைக்கழகத்தோடு. கரூர் மட்டும் திருச்சி பாரதிதாசன் பல்கலைக்கழகத்தோடு. கரூர்க்காரர்கள் இதை மனதில் வையுங்கள், நீதிமன்றம் வரும்போது மறுபடி சொல்கிறேன்.

தகுதியும் அதைச் சொல்லும் காகிதமும்

இப்போது நடப்பில் இருப்பது யூஜிசி எனப்படும் பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018 விதிமுறைகள். அந்த ஆண்டு ஜூலை 18 தேதியிட்டவை. உதவிப் பேராசிரியருக்கு முதுகலையில் 55 சதவீதம், அதோடு நெட் அல்லது மாநிலத் தகுதித் தேர்வான செட்; அல்லது உரிய விதிப்படி பெற்ற முனைவர் பட்டம். பட்டியலினத்தவர், பழங்குடியினர், கிரீமி லேயர் எனும் வசதி படைத்தோர் பிரிவில் வராத பிற்பட்டோர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு 5 சதவீதம் தளர்வு உண்டு. பல்கலைக்கழகத் துறைகளில் முனைவர் பட்டம் கட்டாயம் என்று முதலில் இருந்தது தள்ளிப்போய்த் தள்ளிப்போய், 2023 ஜூலை 1 முதல் நெட், செட் போதும் என்று மாற்றப்பட்டது. இன்னும் பழைய விதியைச் சொல்லி விண்ணப்பத்தைத் திருப்பினால் இந்தத் தேதியைக் காட்டுங்கள்.

பழைய முனைவர் பட்டக்காரர்களுக்கு ஒரு சொல். உங்கள் பட்டம் 2009 விதிகளுக்கு முந்தைய முறையில் வந்திருந்தால், "பிஎச்.டி. இருக்கிறது, நெட் வேண்டாம்" என்று நிம்மதியாக இருந்துவிடாதீர்கள். சுசீலா வழக்கில் 2015-ல் உச்ச நீதிமன்றம் நெட் நிபந்தனையை நிலைநிறுத்தியது. பின்னால் வந்த திருத்தங்களில் பழைய பட்டங்களுக்குச் சில நிபந்தனைகளோடு விலக்கு வந்தது. அந்த நிபந்தனைகளை நிறைவு செய்ததாகப் பல்கலைக்கழகப் பதிவாளர் தரும் சான்றிதழைப் பட்டச் சான்றிதழோடு சேர்த்தே வைத்திருங்கள்.

"யூஜிசி விதி எங்களைக் கட்டுப்படுத்தாது" என்று சொல்லும் நிர்வாகங்கள் உண்டு. அதற்கு அடித்தளமாகக் காட்டப்படும் தீர்ப்பு நம் தமிழ்நாட்டில் பிறந்த வழக்குதான். மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தர் நியமனம் குறித்த கல்யாணி மதிவாணன் வழக்கில், மாநில அரசு ஏற்றுக்கொள்ளாதவரை யூஜிசி விதி மாநிலப் பல்கலைக்கழகங்களுக்கு வழிகாட்டுதல் மட்டுமே என்று 2015-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2022-ல் காற்று திரும்பியது. குஜராத் சர்தார் படேல் பல்கலைக்கழக வழக்கிலும், கேரளத் தொழில்நுட்பப் பல்கலைக்கழக வழக்கிலும், யூஜிசி விதிக்கு மாறான துணைவேந்தர் நியமனங்களை அதே உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. மாநிலச் சட்டம் வேறு சொன்னாலும் யூஜிசி விதியே மேல் என்றது. புதியவர்களுக்கு இதில் நடைமுறைப் பாடம் ஒன்றுதான். எந்த மனுவிலும் யூஜிசி விதியை மட்டும் தனியாகச் சொல்லாதீர்கள். தமிழக அரசு அதை ஏற்று வெளியிட்ட அரசாணையையும், உங்கள் பல்கலைக்கழகம் அனுப்பிய சுற்றறிக்கையையும் சேர்த்தே எழுதுங்கள். மூன்றும் ஒரே மனுவில் இருந்தால் "கட்டுப்படுத்தாது" என்ற பேச்சுக்கு இடம் குறையும்.

அறிவிப்பு வந்த நாளிலேயே

பணியிட அறிவிப்பு இணையதளத்தில் வந்த அன்றே அதை இறக்கி, தேதி தெரியும்படி வையுங்கள். பின்னர் அதே இணைப்பில் திருத்திய அறிவிப்பு உட்கார்ந்திருக்கும், பழையது காணாமல் போயிருக்கும். தேர்வு தொடங்கிய பின் விதியை மாற்றக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2008-ல் மஞ்சுஸ்ரீ வழக்கில் சொன்னதை, 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்வு மீண்டும் உறுதிசெய்திருக்கிறது. ஆனால் விதி மாறியது என்று காட்ட மாறுவதற்கு முந்தைய தாள் உங்களிடம் இருக்க வேண்டுமல்லவா?

அறிவிப்பில் இனச்சுழற்சியைப் பாருங்கள். தமிழ்நாட்டில் 69 சதவீத இடஒதுக்கீடு, 200 புள்ளிச் சுழற்சியில் நிரப்பப்படுகிறது. எந்தத் துறையில் எந்த இடம் எந்தப் பிரிவுக்கு என்று தெளிவாக இல்லாத அறிவிப்பில்தான் பிற்பாடு வழக்கு முளைக்கிறது. அருந்ததியர் மக்கள் நிறைந்த நம் பகுதியில், பட்டியலினத்தவர் ஒதுக்கீட்டுக்குள் 2009 சட்டப்படி அவர்களுக்குள்ள முன்னுரிமை சுழற்சியில் காட்டப்பட்டிருக்கிறதா என்று நான் தவறாமல் பார்ப்பேன். உள் ஒதுக்கீடு செல்லும் என்று 2024 ஆகஸ்ட் 1-ல் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அமர்வு சொல்லிவிட்டது. இனி அதில் சாக்குச் சொல்ல இடமில்லை.

நேர்காணலுக்கு அழைக்க யூஜிசி ஒரு மதிப்பெண் அட்டவணை தந்திருக்கிறது. பல்கலைக்கழகத்துக்கு ஒன்று, கல்லூரிக்கு ஒன்று. இரண்டிலும் கற்பித்தல் அனுபவத்துக்கு ஆண்டுக்கு 2 மதிப்பெண், உச்சம் 10. ஓராண்டுக்குக் குறைந்தால் அதற்கேற்பக் குறையும். அந்தப் பதினான்கு மாதத்தை இழந்ததில் எனக்கு எவ்வளவு போனது என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளலாம். இந்த மதிப்பெண் அழைப்புப் பட்டியலுக்கு மட்டும்தான். இறுதித் தேர்வு நேர்காணலில் நடந்ததை வைத்தே. "அழைப்புப் பட்டியலில் நான்தான் முதலிடம், எப்படி விட்டார்கள்" என்று வழக்குப் போட வருகிறவர்களிடம் இதைத்தான் முதலில் சொல்ல வேண்டியிருக்கிறது.

முறைகேடு கண்ணில் பட்டால் நேர்காணலுக்கு முன்பே எழுத்தில் ஆட்சேபணை கொடுங்கள். பேசாமல் கலந்துகொண்டு, தேர்வாகாத பிறகு முறையே தவறு என்று போனால் நீதிமன்றம் பெரும்பாலும் கேட்காது. மதன்லால் வழக்கு முதல் இது நிலைத்த விதி.

இணைப் பேராசிரியர் இடத்துக்கு விண்ணப்பிப்பவர்கள் எட்டாண்டு அனுபவத்தைக் கணக்கிடும்போது ஓர் இடத்தில் தடுக்கி விழுகிறார்கள். விடுப்பு எடுத்து ஆய்வு செய்த காலம் கற்பித்தல் அனுபவம் ஆகாது; விடுப்பே எடுக்காமல் வகுப்பும் நடத்தி ஆய்வும் செய்த காலம் ஆகும். பாலக்காட்டுக் கணவாய்க்கு அந்தப் பக்கம் கண்ணூர்ப் பல்கலைக்கழக நியமனம் ஒன்று இதே கேள்வியில் கேரள உயர் நீதிமன்றத்தில் 2022-ல் ஒரு பக்கமாகவும், மேல்முறையீட்டில் 2023-ல் மறுபக்கமாகவும் தீர்ப்பானது. எனவே பகுதிநேர ஆய்வாளர்கள் அந்தக் காலத்து வருகைப் பதிவேட்டின் நகலை எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

ஆர்டர்

நியமன ஆணையில் இருக்க வேண்டியவை: பதவிப் பெயர், துறை, சேர்ந்த தேதி, ஊதியம், எய்டடா சுயநிதியா, தகுதிகாண் காலம் எவ்வளவு, செயலாளர் அல்லது முதல்வர் கையெழுத்து, ஆணை எண். ஆணை எண் இல்லாத தாளை நான் ஆர்டர் என்று ஏற்கமாட்டேன். ஆர்டர் தாமதமானால் சேர்ந்த அன்றே, "இன்று முற்பகல் பணியில் சேர்ந்தேன்" என்று பணியேற்புக் கடிதம் இரண்டு படி எழுதி, ஒரு படியில் அலுவலக முத்திரை வாங்கிவிடுங்கள். எழுத ஐந்து நிமிடம் ஆகும். எனக்கு அன்று அதை யாரும் சொல்லித் தரவில்லை.

சம்பளம் வங்கி வழியாக வரட்டும். பதிவேட்டில் ஒரு தொகைக்குக் கையெழுத்து, கையில் வேறு தொகை என்ற நடைமுறைக்கு ஒப்புக்கொள்ளாதீர்கள். வேறு வழியின்றி ஒப்புக்கொண்டவர்கள் எடுத்த தொகை, திருப்பித் தந்த தொகை இரண்டையும் தேதியோடு எழுதி வையுங்கள். இது வெறும் பணப் பிரச்சினை அல்ல. யூஜிசி 2018 விதிப்படி தற்காலிக, ஒப்பந்தப் பணிக்காலம் பின்னால் அனுபவமாகச் சேர வேண்டுமென்றால், அப்போதே உரிய தகுதி இருந்திருக்க வேண்டும், முறையான தேர்வுக் குழு வழியாக வந்திருக்க வேண்டும், நிரந்தர உதவிப் பேராசிரியரின் மாத ஊதியத்துக்குக் குறையாத ஊதியம் பெற்றிருக்க வேண்டும். சம்பளச் சீட்டில் ஒரு பூஜ்ஜியம் குறைந்தால் பத்தாண்டு உழைப்பும் அனுபவக் கணக்கில் ஏறாமல் போகலாம்.

அசல் சான்றிதழ்களை வாங்கி வைத்துக்கொள்ளும் பழக்கம் நம் பக்கம் இன்னும் ஒழியவில்லை. சரிபார்க்கக் காட்டுங்கள், நகல் கொடுங்கள், அசலைக் கொடுக்காதீர்கள். கொடுத்தே ஆக வேண்டும் என்றால் எந்தெந்தச் சான்றிதழ், எந்தத் தேதி என்று எழுதிய ஒப்புகை இல்லாமல் மேசையைவிட்டு எழாதீர்கள். கல்விச் சான்றிதழ் விற்பனைச் சரக்கு அல்ல, பணத்துக்காக அதைப் பிடித்து வைக்க முடியாது என்று சென்னை உயர் நீதிமன்றம் பல வழக்குகளில் சொல்லியிருக்கிறது.

சான்றிதழ் நகலைக் கொடுக்கும்போது அதன் குறுக்கே "இந்தக் கல்லூரியில் பணியில் சேர்வதற்கு மட்டும்" என்று எழுதித் தேதி போடுங்கள். ஒரே ஆசிரியர் பெயரைப் பல பொறியியல் கல்லூரிகள் தங்கள் கணக்கில் காட்டியதை 2024 ஜூலையில் ஊழல் எதிர்ப்பு அமைப்பான அறப்போர் இயக்கம் வெளிக்கொண்டு வந்தது நினைவிருக்கும். ஆசிரியருக்கே தெரியாமல் அவர் பெயர் ஓடியதும் உண்டு.

டொனேஷன் பற்றி. கொங்கு நாட்டில் நிலத்தை விற்று, மாட்டை விற்றுப் பணம் கட்டிய குடும்பங்களை எனக்குத் தெரியும். 2018 பிப்ரவரியில் கோவையில் பதவியில் இருந்த துணைவேந்தர் ஒருவரே, உதவிப் பேராசிரியர் ஒருவரிடம் பணி தொடர்பாக லஞ்சம் வாங்கியதாக லஞ்ச ஒழிப்புத் துறையால் கைது செய்யப்பட்டார். அதற்கு முன்னும் பின்னும் மாட்டாதவர்கள் எத்தனையோ. பணம் கொடுத்து வாங்கிய இடத்துக்கு எந்தக் காகிதமும் துணை வராது. நியமனம் ரத்தானால் பணமும் திரும்பாது, அனுபவமும் நிற்காது. தயவுசெய்து வேண்டாம்.

பதினாறு மணி நேரம்

ஒர்க் லோடு விஷயத்தில் என் கோபத்தை நான் மறைக்கப் போவதில்லை. விதியைச் சொல்கிறேன். முழுநேர ஆசிரியரின் பணி வாரத்துக்கு 40 மணி நேரத்துக்குக் குறையாமல், ஆண்டுக்கு 30 வாரம், அதாவது 180 கற்பித்தல் நாட்கள். நாளொன்றுக்குக் குறைந்தது 5 மணி நேரம் கல்லூரியில் இருக்க வேண்டும். இந்த 40-க்குள் நேரடி வகுப்பு உதவிப் பேராசிரியருக்கு 16 மணி நேரம். இணைப் பேராசிரியருக்கும் பேராசிரியருக்கும் 14. மீதி நேரம் தயாரிப்பு, திருத்தல், ஆய்வு, மாணவர் சந்திப்பு. 2016 மே மாதம் யூஜிசி இதை ஏற்றப் பார்த்தது. உதவிப் பேராசிரியருக்கு 18 மணி நேர வகுப்பு, மேலே 6 மணி நேர டுடோரியல். நாடெங்கும் ஆசிரியர்கள் தெருவுக்கு வந்ததும் சில வாரங்களில் பழையபடி 16-க்கே திரும்பியது. அந்தப் பதினாறு அப்படிப் போராடிக் காத்த எண்.

இந்த எண் ஏன் முக்கியம்? உங்கள் களைப்புக்காக மட்டும் அல்ல. ஒரு துறையில் எத்தனை பணியிடம் என்பது இதை வைத்துத்தான் கணக்கிடப்படுகிறது. நம் கலைக் கல்லூரிகளில் டே ஆர்டர் (கிழமைக்குப் பதில் எண்ணிட்டுச் சுழலும் நாள்) ஆறு, நாளுக்கு ஐந்து ஹவர், ஆக ஒரு வகுப்புக்கு 30 ஹவர். ஒரு துறைக்கு எல்லா வகுப்பிலும் சேர்த்து வாரம் 96 ஹவர் வருகிறது என்று வையுங்கள். 16-ஆல் வகுத்தால் ஆறு ஆசிரியர். ஆளுக்கு 24 ஹவர் கொடுத்தால் நான்கே பேர். மீதி இரண்டு பேர் எங்கே? ஜூன் மாதம் ஃபைலோடு வாசலில் நிற்கிறார்களே, அவர்கள்தான். எட்டு மணி நேரம் கூடுதலாக நீங்கள் ஒப்புக்கொள்ளும் ஒவ்வொரு பருவத்திலும் இன்னொருவரின் நியமனம் காகிதத்திலேயே அழிகிறது. நியமன வழக்கும் ஒர்க் லோடு வழக்கும் இரண்டல்ல என்று நான் சொல்வது இதனால்தான்.

நிர்வாகம் சொல்லும் பதில் உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். "16 என்பது குறைந்தபட்சம், அதற்கு மேல் கொடுக்கக்கூடாது என்று எங்கே எழுதியிருக்கிறது?" விதியின் வாசகம் உச்சவரம்பு என்ற சொல்லைப் பயன்படுத்தவில்லை என்பது உண்மை. ஆகவே "16-க்கு மேல் சட்டவிரோதம்" என்று மனுவில் எழுதாதீர்கள். பணியிடக் கணக்கீடு 16-ஐ வைத்து நடக்கிறது, அதே 40 மணி நேரத்துக்குள் ஆய்வுக்கு வாரம் 6 மணி நேரம் ஒதுக்க விதி சொல்கிறது, 24 ஹவர் எடுத்தால் அதற்கு இடமில்லை என்று எழுதுங்கள். இந்த வாதத்துக்குப் பதில் சொல்வது கடினம்.

ஏப்ரல், மே மாதம் வந்தால் அட்மிஷன் கேன்வாசிங். காங்கேயம், தாராபுரம், அந்தியூர், ராசிபுரம் என்று ஊர் ஊராக, ப்ளஸ் டூ எழுதிய பிள்ளைகளின் வீடு தேடி, வெயிலில், இத்தனை பேரைச் சேர்த்தால்தான் மே மாதச் சம்பளம் என்ற இலக்கோடு. யூஜிசியின் ஆசிரியர் கடமைப் பட்டியலில் இது எங்கும் இல்லை. அதைச் செய்ய மாட்டேன் என்று புதியவர்களால் சொல்ல முடியாது, எனக்குத் தெரியும். போன ஊர், நாள், யார் அனுப்பினார்கள், அந்த வாட்சப் செய்தி, இவற்றையாவது வைத்திருங்கள்.

இனி நோட்டுப் புத்தகம். 192 பக்க லாங் சைஸ் நோட்டு ஒன்று வாங்குங்கள். முதல் பக்கத்தில் பருவ அட்டவணையை ஒட்டுங்கள். துறைத் தலைவர் கையெழுத்துள்ள நகலாக இருந்தால் நல்லது, இல்லையென்றால் சுவரில் ஒட்டியதைப் படமெடுத்துத் தேதியோடு. பிறகு நாளுக்கு ஒரு வரி. என் பழைய நோட்டிலிருந்து: "டே ஆர்டர் 3. 1, 2, 4 சொந்த ஹவர். 5 சப்ஸ்டிடியூஷன், இரண்டாமாண்டு வணிகவியல், ஆசிரியர் விடுப்பு. மாலை 4.40 வரை நாக் (கல்லூரித் தர மதிப்பீடு) கோப்பு வேலை." அந்தப் பருவம் முடிந்து கூட்டிப் பார்த்தபோது வாரச் சராசரி 23 வந்தது. அட்டவணையில் 18 என்று இருந்தது. அந்த ஐந்து மணி நேர வித்தியாசத்தைக் காட்ட இந்த நோட்டைத் தவிர வேறு சாட்சி இல்லை.

தகராறு வந்தால் முதலில் மனு

வாய்ப்பேச்சு கணக்கில் சேராது. மனு சுருக்கமாக, ஒரே கோரிக்கையோடு இருக்கட்டும். இப்படி: "இந்த ஒற்றைப்படைப் பருவத்தில் எனக்கு வாரம் 24 மணி நேரம் நேரடி வகுப்பு ஒதுக்கப்பட்டுள்ளது. அட்டவணை நகல் இணைத்துள்ளேன். யூஜிசி 2018 விதிமுறைகளின்படி உதவிப் பேராசிரியருக்கான நேரடி வகுப்பு 16 மணி நேரம். ஒதுக்கீட்டைச் சரிசெய்து ஆணையிடக் கேட்டுக்கொள்கிறேன்." கோபம், கிண்டல், அடுத்தவர் பெயர் எதுவும் வேண்டாம். பின்னால் இதை நீதிபதி படிப்பார் என்று நினைத்து எழுதுங்கள். முதல்வர் வழியாகக் கொடுத்து நகலில் முத்திரை வாங்குங்கள். வாங்க மறுத்தால் ஒப்புகையோடு ஸ்பீட் போஸ்ட். பழைய ரிஜிஸ்டர் தபால் 2025-ல் அதோடு சேர்க்கப்பட்டுவிட்டது. ஒப்புகை அட்டையை மனு நகலின் பின்னால் பின் செய்யுங்கள்.

அடுத்து தகவல் உரிமைச் சட்டம். பத்து ரூபாய், வெள்ளைத்தாள். முப்பது நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த முப்பது நாளுக்குள் முதல் மேல்முறையீடு, பிறகு தொண்ணூறு நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையம். தனியார் கல்லூரி பதில் தரமாட்டேன் என்றால் அதே தாள் பல்கலைக்கழகத்திலும் இணை இயக்குநர் அலுவலகத்திலும் இருக்கும், அங்கே கேளுங்கள். "ஏன் என்னை எடுக்கவில்லை" என்று கேட்காதீர்கள்; அது கேள்வி, ஆவணம் அல்ல. தேர்வுக் குழுக் கூட்டக் குறிப்பு, இனச்சுழற்சிப் பதிவேடு, துறையின் பணியளவு அறிக்கை, குவாலிபிகேஷன் அப்ரூவல் கடிதம் என்று ஆவணத்தின் பெயர் சொல்லிக் கேளுங்கள். நேர்காணல் குழுவினரின் பெயர் மட்டும் வராது. தர வேண்டியதில்லை என்று 2012-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

தனியாக எழுதப் பயமாக இருந்தால் சங்கத்துக்கு வாருங்கள். ஏயூடி எனும் பல்கலைக்கழக ஆசிரியர் சங்கம் போன்ற அமைப்புகளில் பழைய மனுக்களின் நகல் இருக்கும், உட்கார்ந்து சொல்லித் தர ஆள் இருக்கும்.

நீதிமன்றம்

புதியவர்கள் அதிகம் ஏமாறும் இடம்: தொழிலாளர் நீதிமன்றம். ஆசிரியர் "தொழிலாளி" அல்ல என்று சுந்தராம்பாள் வழக்கில் 1988-லேயே தீர்ப்பாகிவிட்டது. வேலைநீக்கத்துக்கு அங்கே போய் இரண்டு வருடத்தைத் தொலைக்காதீர்கள்.

தனியார் கல்லூரி ஆசிரியர்களுக்கு 1976-ன் தமிழ்நாடு தனியார் கல்லூரிகள் ஒழுங்குமுறைச் சட்டம் இருக்கிறது. கல்வித்துறை அதிகாரியின் முன் அனுமதி இல்லாமல் ஆசிரியரைப் பணிநீக்கம் செய்யக் கூடாது, தண்டனைக்கு மேல்முறையீடு உண்டு என்கிறது அது. "நாளையிலிருந்து வர வேண்டாம்" என்று வாட்சப்பில் சொன்னால் முதலில் கேட்க வேண்டியது, அந்த முன் அனுமதி எங்கே என்பதுதான். சொன்னார்கள் என்பதற்காகப் போகாமல் நின்றுவிடாதீர்கள். மறுநாளும் போங்கள், வாசலில் தடுத்தால் அங்கிருந்தே மின்னஞ்சல் அனுப்புங்கள்: "இன்று காலை 9.05-க்குப் பணிக்கு வந்தேன், அனுமதிக்கப்படவில்லை." இல்லையென்றால் தானாக வேலையை விட்டுப் போனவர் என்று ஒரு தாள் தயாராகிவிடும்.

ரிட் மனு, அதாவது சட்டம் மீறப்பட்டதைச் சரிசெய்ய நேரே உயர் நீதிமன்றத்தில் கேட்கும் மனு என்றால் கோவை, திருப்பூர், ஈரோடு, நீலகிரி, சேலம், நாமக்கல் மாவட்டத்தார் சென்னைக்குப் போக வேண்டும். கரூர்க்காரர்கள் மதுரைக் கிளைக்கு. சுயநிதிக் கல்லூரியை எதிர்த்த ரிட் எப்போதும் நிற்கும் என்று நினைக்காதீர்கள். சட்ட விதி எதுவும் மீறப்படாத வெறும் ஒப்பந்தத் தகராறுக்கு ரிட் வராது என்று 2022 ஆகஸ்டில் செயின்ட் மேரீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. எனவே மனுவில் எந்தச் சட்டப் பிரிவு, எந்த யூஜிசி விதி மீறப்பட்டது என்பதை முன்னால் வையுங்கள். சம்பள பாக்கி மட்டும் என்றால் உள்ளூர் உரிமையியல் நீதிமன்றம் போதும். மூன்றாண்டுக் காலவரம்பை மறக்காதீர்கள். வேறொருவரின் நியமனத்தை எதிர்த்தால் அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். சேர்க்காமல் போன நல்ல வழக்குகள் அந்த ஒரு காரணத்துக்கே விழுந்திருக்கின்றன.

முதல் உத்தரவு பெரும்பாலும் இப்படித்தான் வரும்: மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவு எடுக்கவும். இது வெற்றி அல்ல. பரிசீலித்து நிராகரிக்கவும் அவர்களால் முடியும். நிராகரித்தால் அந்த ஆணையை எதிர்த்து மறுபடி போக வேண்டும். பதிலே தராமல் இருந்தால் அவமதிப்பு மனு, அதற்கு ஓராண்டுக்குள்.

செலவுக்குப் பயப்படும் பெண்களுக்கும் பட்டியலின, பழங்குடி ஆசிரியர்களுக்கும் ஒரு செய்தி. வருமானம் எவ்வளவு என்றாலும் இலவசச் சட்ட உதவிக்கு உங்களுக்கு உரிமை உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. அங்கே போகக் கூச்சப்படுகிறவர்களைப் பார்க்கும்போது எனக்கு வருத்தமாக இருக்கும். அது தானம் அல்ல, 1987-ன் சட்டம்.

வருடக்கணக்கில் தற்காலிகமாக இருப்பவர்கள்

பத்தாண்டு வேலை பார்த்தால் நிரந்தரம் ஆகிவிடும் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். உமாதேவி வழக்கில் 2006-ல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு அதை மறுத்தது. முறையான காலியிடத்தில் உரிய தகுதியோடு, சிறு நடைமுறைக் குறையோடு சேர்ந்து பத்தாண்டு கடந்தவர்களுக்கு அப்போது ஒரே ஒருமுறை வழி விட்டது. அதே நேரம், உமாதேவியைக் கேடயமாக வைத்து ஆண்டுக்கணக்கில் ஆட்களைத் தற்காலிகமாகவே சுரண்டக்கூடாது என்று 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2025 ஆகஸ்டில், குஜராத் அரசுப் பொறியியல் கல்லூரிகளின் ஒப்பந்த உதவிப் பேராசிரியர்களுக்குக் குறைந்தபட்ச ஊதிய விகிதம் தர உத்தரவிட்டது. நிரந்தரம் கேட்கும் மனுவைவிடச் சம வேலைக்குச் சம ஊதியம் கேட்கும் மனுவுக்கு இன்று வழி அகலமாக இருக்கிறது என்பது என் கருத்து. ஒப்பந்த நியமனம் மொத்தப் பணியிடத்தில் 10 சதவீதத்தைத் தாண்டக்கூடாது என்ற 2018 விதியையும், கௌரவ விரிவுரையாளருக்கு ஒரு வகுப்புக்கு 1,500 ரூபாய், மாதம் 50,000 வரை என்ற 2019 வழிகாட்டுதலையும் அந்த மனுவில் சேருங்கள்.

வேலையை விட்டுப் போகிறவர்கள் கிராஜுவிட்டி எனும் பணிக்கொடையை மறந்துவிட்டுப் போகிறார்கள். ஐந்தாண்டு தொடர்ந்து பணியாற்றிய தனியார் கல்லூரி ஆசிரியருக்கு அது உரிமை. 1997 ஏப்ரல் 3 முதலே ஆசிரியர்களுக்கு உண்டு என்று முன்தேதியிட்டு வந்த திருத்தம் செல்லும் என 2022-ல் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது. கடைசி மாதச் சம்பளத்தை (அடிப்படையும் அகவிலைப்படியும்) 26-ஆல் வகுத்து, 15-ஆல் பெருக்கி, அதைப் பணியாண்டுகளால் பெருக்குங்கள். 26,000 சம்பளத்தில் ஆறாண்டு என்றால் 90,000 ரூபாய். தொழிலாளர் நீதிமன்றம் உங்களுக்கு இல்லை என்றேன். ஆனால் பணிக்கொடைக்கான அதிகாரி தொழிலாளர் துறையில்தான் உட்கார்ந்திருக்கிறார், அந்தக் கதவு திறந்திருக்கிறது.

போன வருடம் நாமக்கல் பக்கம் ஒரு கல்லூரியிலிருந்து விலகிய இயற்பியல் ஆசிரியை ஒருவர் என்னிடம் வந்தார். ஏழாண்டுப் பணி. ஆர்டர் இருந்தது, வங்கிப் புத்தகத்தில் எண்பத்து நான்கு மாதச் சம்பளமும் வரிசையாக இருந்தது. சேர்ந்த நாளின் பணியேற்புக் கடிதம்கூட, முத்திரையோடு, பிளாஸ்டிக் உறைக்குள். "எங்க அப்பா கூட்டுறவு பேங்க்ல இருந்தாருங்க சார், எந்தக் காகிதத்தையும் தூக்கிப் போடாதன்னு சொல்லுவாரு" என்றார். விண்ணப்பத்தை எழுத எங்களுக்கு அரைமணி நேரம்கூட ஆகவில்லை.